சிங்கிக்கு அடியில் நின்ற தண்ணீர்

தலை அலமாரிக்குள், கால் இரண்டும் சமையலறை நடுவில். அப்படித்தான் மல்லாந்து கிடந்தேன். வாயில் டார்ச் விளக்கு. கையில் ஒரு வெள்ளைப் பிளாஸ்டிக் குடுவை.

அக்கா வீட்டுச் சிங்கிக்கு அடியில், குழாய்க்கு நடுவே தொங்கிக்கொண்டிருந்த குடுவை அது. கடையில் அதற்குப் பாட்டில் டிராப் என்று பெயர். பாத்திரம் கழுவும் தொட்டிக்குப் பினாங்கில் நாங்கள் சொல்வது சிங்கி. வேறு பெயர் சொன்னால் எங்கள் வீட்டில் 'அது என்ன' என்று கேட்பார்கள்.

குடுவைக்குள் சாம்பல் நிறத்தில் கூழ் மாதிரி ஒன்று தளும்பியது. பழைய எண்ணெய், சோற்றுப் பருக்கை, சோப்பு, எல்லாம் சேர்ந்து ஊறிய வாசனை. மூச்சை அடக்கிக்கொண்டு ஒரு குச்சியால் கிளறினேன்.

"என்னடி இருக்கு?" மேலேயிருந்து அக்காவின் குரல்.

டார்ச்சைக் கடித்திருந்ததால் நான் பதில் சொல்லவில்லை. குச்சி நுனியில் ஏதோ தட்டுப்பட்டது. கூராக, நகத்தளவு சின்னதாக. இத்தனை அழுக்கில் கிடந்தும் சிவப்பு போகவில்லை.

அக்கா குனிந்து பார்த்தாள். விளக்கம் எதுவும் தேவைப்படவில்லை. அதைச் சமைத்ததே அவள்தான்.

"நண்டு," என்றாள்.

அக்கா அப்போது தைப்பூச விரதத்தில் இருந்தாள்.

ஆஸ்பத்திரி நடையில் சொன்ன வார்த்தை

இந்தத் தொடரை ஆரம்பத்திலிருந்து படிப்பவர்களுக்கு அக்காவைத் தெரியும். இந்த வாரம்தான் எட்டிப் பார்க்கிறீர்கள் என்றால், சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். எனக்கு பாயான் லெப்பாஸில் ஒரு தொழிற்சாலைப் பரிசோதனைக் கூடத்தில் வேலை கிடைத்தபோது, சுங்கைப் பட்டாணியிலிருந்து பெட்டியோடு வந்து இறங்கியது அக்கா வீட்டில்தான். ஜாலான் பேராக் பக்கம் ஒரு பழைய அடுக்குமாடி. அக்கா, அக்கா வீட்டுக்காரர், நான். அவரை நான் மாமா என்று கூப்பிடுவேன்.

மாமாவுக்குக் கடலுக்கு அக்கரையில், மாக் மண்டினில், ஒரு பட்டறையில் வேலை. தினமும் மோட்டார் சைக்கிளை பெர்ரிக் கப்பலில் ஏற்றிக்கொண்டு போய்வருவார். பாலம் இருக்கிறதே என்று கேட்டால், காலையில் கொஞ்ச நேரம் சும்மா நிற்க இடம் வேண்டாமா என்பார்.

ஒருநாள் அந்தப் பட்டறையில் பிரஸ் இயந்திரம் அவருடைய வலது கையைக் கவ்விவிட்டது. இரண்டு விரலைக் காப்பாற்றுவது சந்தேகம் என்று டாக்டர் சொன்னார். அக்கா ஆஸ்பத்திரி நடையில் நின்றபடியே தண்ணீர்மலை முருகன் கோயில் இருக்கும் திசையைப் பார்த்து ஒரு வார்த்தை சொன்னாள். விரல் நின்றுவிட்டால் ஒரு வருஷத் தைப்பூசத்துக்கு விரதமிருந்து பால்குடம் எடுக்கிறேன் என்று. அது எந்தத் திசை என்று அவள் என்னைக் கேட்டது நினைவிருக்கிறது. நான் போனை எடுத்து வரைபடத்தைத் திறந்து, கொஞ்சம் இடது பக்கம் திரும்பச் சொன்னேன்.

விரல் நின்றது. இப்போதும் முழுசாக மடங்காது, ஆனால் இருக்கிறது.

அடுத்து வந்த தைப்பூசத்துக்கு அக்கா விரதம் தொடங்கினாள். பாதியில் புக்கிட் மெர்தாஜாமில் மாமாவின் பெரியப்பா இறந்துவிட்டார். தீட்டு. பால்குடம் இல்லை. அக்கா மஞ்சள் சேலையை மடித்து அலமாரியில் வைத்தாள்.

நான் சொல்லும் இந்தக் கதை அதற்கு மறுவருஷம் நடந்தது. விரதத்தின் முதல் நாளே அக்கா எங்கள் இருவரையும் உட்கார வைத்துச் சொல்லிவிட்டாள்.

"இந்தத் தடவையும் கெட்டுச்சுன்னா, முருகனுக்கு என் பால் வேண்டாம்னு அர்த்தம். அப்புறம் நான் மலைப் பக்கமே போக மாட்டேன். யாரும் கூப்பிடக் கூடாது."

சும்மா மிரட்டுகிற ஆள் இல்லை அக்கா. இந்த மாதிரி சொன்னால் அப்படியே செய்வாள். ஒரு கூட்டாளியோடு பத்து வருஷமாகப் பேசாமல் இருக்கிறாள். காரணம் இருவருக்குமே மறந்துவிட்டது.

கழுவியதும் கழுவாததும்

விரதத்துக்கு வீட்டைத் தயார் செய்வது எப்படி என்று அக்காவிடம்தான் படிக்க வேண்டும்.

கறி ஆக்கிய சட்டிகள் எல்லாம் மூட்டையாகக் கட்டப்பட்டு மாமாவின் அம்மா வீட்டுக்கு, புக்கிட் மெர்தாஜாமுக்குப் போயின. கத்தி புதுசு. பலகை புதுசு. பாத்திரம் தேய்க்கும் பஞ்சுகூடப் புதுசு. ஃப்ரிட்ஜைக் காலி செய்து, ஐஸ் உருகவிட்டு, ரப்பர் விளிம்பின் மடிப்புக்குள்ளே பல் துலக்கும் பிரஷை விட்டுத் தேய்த்தாள். கடைசியாகச் சிங்கி. உப்பு, எலுமிச்சை, மஞ்சள். அது பளபளத்ததில் என் முகம் அகலமாகத் தெரிந்தது.

இதற்கெல்லாம் முந்தைய ஞாயிற்றுக்கிழமை எங்கள் வீட்டில் ஒரு பெரிய சாப்பாடு நடந்தது. இதுவும் ஒரு வழக்கம்தான். நிறைய வீடுகளில் பார்த்திருக்கிறேன்: நாளை முதல் சைவம் என்றால் இன்றைக்கு யாரும் அடக்கமாகச் சாப்பிடுவதில்லை. அக்கா பாசாருக்குப் போய் உயிர் நண்டு வாங்கி வந்தாள். மிளகு தூக்கலாக, தேங்காய்ப் பால் கொஞ்சமாக. மாமா மடங்காத விரல்களோடு நண்டு உடைக்கும் அழகைப் பார்த்து நானும் அக்காவும் சிரித்தோம். ஓடெல்லாம் பொறுக்கிப் பையில் கட்டி அன்றைக்கே குப்பைக்குப் போய்விட்டது. போய்விட்டது என்று நினைத்தோம்.

விரதம் பல நாள் ஓடியிருக்கும். சிங்கியில் தண்ணீர் மெதுவாக இறங்க ஆரம்பித்தது.

ஒரு சனிக்கிழமை காலை. மாமாவும் நானும் பசியாறிக்கொண்டிருந்தோம். மாமாவுக்கு அரை நாள் வேலை. அவசரமாக இட்லியை விழுங்கிக்கொண்டிருந்தார். ஒருவேளைச் சாப்பாட்டுக்காரியான அக்கா வெறும் கோப்பியோடு எதிரே உட்கார்ந்திருந்தாள். சிங்கி ஏன் அடைக்கிறது என்று அவள் கேட்டாள். கேட்டது அவ்வளவுதான்.

எனக்கு ஒரு வியாதி. யாராவது 'ஏன்' என்று கேட்டால் என் வாய் தானாகத் திறக்கும். சின்ன வயசில் வீட்டு ரைஸ் குக்கரைப் பிரித்து, சோறு வெந்ததும் அது எப்படித் தானாக அணைகிறது என்று அம்மாவுக்கு விளக்கியிருக்கிறேன். விளக்கம் முடிந்தபோது குக்கர் அணைவதை நிறுத்திவிட்டது, எரிவதையும்தான்.

அதே உற்சாகத்தோடு அக்காவுக்குச் சொன்னேன். ஊற்றுகிற தண்ணீர் முழுக்கக் கீழே போவதில்லை, சிங்கிக்கு அடியில் ஒரு குடுவை இருக்கிறது, கடைசியாக ஊற்றியதில் கொஞ்சம் எப்போதும் அதில் நிற்கும், அதில்தான் அடைப்பு இருக்கும்.

எதற்காக நிற்க வேண்டும் என்று அக்கா கேட்டாள்.

மோதிரம், கம்மல் ஏதாவது தவறி விழுந்தால் பிடித்துவைக்க, என்றேன். துளி சந்தேகமில்லாமல் சொன்னேன். யாரோ ஒருத்தி அப்படி மோதிரத்தை மீட்ட வீடியோ ஒன்றை எப்போதோ பார்த்திருந்தேன்.

அக்காவின் கோப்பி பாதி வழியில் நின்றது.

"அப்போ வெரதத்துக்கு முந்தி கழுவினது?"

அது எப்போதோ போயிருக்கும், தினமும் புதுத் தண்ணீர் விழுகிறதே, கரைந்து கரைந்து இப்போது ஒன்றுமே மிஞ்சியிருக்காது என்று வேதியியல் பேசினேன். மாமா மேசைக்கடியில் என் காலை மிதித்தார். ஏன் மிதிக்கிறார் என்று எனக்குப் புரியவில்லை.

"தொறந்து காட்டு," என்றாள் அக்கா.

மாமா பெர்ரிக்குக் கிளம்பிவிட்டார். நான் டார்ச்சைத் தேடினேன்.

பார்த்தாச்சே

மீண்டும் அந்த அலமாரிக்குள் வருவோம். குடுவை கையால் திறக்க வரவில்லை என்று மாமாவின் பைப் ஸ்பேனரைப் போட்டு ஒரு திருகு திருகியிருந்தேன். 'டக்' என்று ஒரு சத்தம். கழன்று வந்தபோது அதன் கழுத்தில் நீளமாக ஒரு விரிசல். ஆகவே நண்டைப் பார்த்ததுமில்லாமல், இனி அந்தக் குடுவையைத் திரும்ப மாட்டவும் வழியில்லை.

அக்கா எழுந்து போய் நாற்காலியில் உட்கார்ந்தாள். அழவில்லை. தன் கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தாள். தினமும் அந்தக் கையால்தான் அந்தச் சிங்கியில் பூசைப் பாத்திரத்தைக் கழுவுகிறாள்.

மத்தியானம் மாமா வந்தார். விஷயத்தைக் கேட்டார். குடுவையை எட்டிப் பார்த்தார். இத்துனூண்டு, தூக்கிப் போடு, பார்க்காமலே இருந்திருந்தால் தெரிந்திருக்கவா போகிறது என்றார்.

"பார்த்தாச்சே," என்றாள் அக்கா.

"சரி, பார்த்ததனால கெட்டுச்சா, இருந்ததனால கெட்டுச்சா? இருந்ததனாலன்னா மொத நாளே கெட்டுப்போச்சு. பார்த்ததனாலன்னா கண்ணு செஞ்ச தப்பு."

மாமா சமாதானமாகத்தான் சொன்னார். ஆனால் அது உண்மையிலேயே நல்ல கேள்வி. நான் கையிலிருந்த வேலையை விட்டுவிட்டு அதை யோசிக்க ஆரம்பித்துவிட்டேன். முதல் நாளே கெட்டிருந்தால், அக்கா இத்தனை நாளும் பசித்திருந்தது எதில் சேரும்? யாருக்கும் தெரியாத ஒன்று கெட்டதாகுமா? தெரிந்த நிமிஷத்திலிருந்துதான் என்றால், தெரிய வைத்தது நான்.

அக்கா போனை எடுத்தாள். பால்குடம் எடுக்கும் பெண்களுக்கென்று ஒரு வாட்ஸ்அப் குரூப் உண்டு. அதில் நடந்ததைப் போட்டாள்.

பதில்கள் மளமளவென்று வந்தன. ஒருத்தர் மஞ்சள் தண்ணீர் ஊற்றச் சொன்னார். ஒருத்தர் கங்கை நீர் தன்னிடம் ஒரு பாட்டில் இருப்பதாகச் சொன்னார். முதலிலிருந்து தொடங்கணும், ஆனால் இனி நாள் போதாதே என்று ஒருத்தர் வருத்தப்பட்டார். ஒருத்தர் முருகன் படம் போட்டு இனிய மதிய வணக்கம் சொன்னார். யாரோ ஒருத்தர் நண்டு எந்த பாசாரில் வாங்கியது என்று கேட்டு, உடனே அழித்துவிட்டார்.

ஆறேழு பேர் ஒரே மாதிரி எழுதியிருந்தார்கள்: மனசு சுத்தமா இருந்தா போதும் மா.

அதுதான் அக்காவை உசுப்பியது.

"மனசு போதும்னா நான் எதுக்கு ஃப்ரிட்ஜ் ரப்பரெல்லாம் தேய்ச்சேன்?"

அன்றைக்கு அவள் அந்த ஒருவேளையும் சாப்பிடவில்லை. விரதம் இருக்கிறதா இல்லையா என்றே தெரியாமல், எந்த விரதத்தின் சாப்பாடு என்று சாப்பிடுவது என்று கேட்டாள்.

எதுவுமே நிற்காத குழாய்

சாயங்காலம் ஹார்ட்வேர் கடைக்கு ஓடினேன். எங்கள் சடக்கு முனையில், தெருக் கோடியில், ஒரு சீனர் வைத்திருக்கும் கடை. அந்த அங்கிளிடம் எதைக் கேட்டாலும் 'போலே' என்பார், மலாயில் 'முடியும்' என்று. இது இதில் பொருந்துமா என்றால் போலே. பொருந்தாவிட்டால் நாளை மாற்றிக்கொள்ளலாமா என்றாலும் போலே.

உடைந்த குடுவையைக் காட்டினேன். அதே மாதிரி ஒன்றை எடுத்து மேசையில் வைத்தார். நான் தலையை ஆட்டினேன். எனக்கு வழியிலேயே ஒரு யோசனை உதித்திருந்தது. பிரச்சினை நண்டு இல்லை, தண்ணீர் நிற்பது. நின்றால்தானே எதுவும் தங்கும்? நேராக ஒரு குழாய், சிங்கியிலிருந்து சுவருக்குள், எங்கும் வளையாமல், எதுவும் நிற்காமல். மோதிரம் விழுந்தால் போகட்டும். அக்கா விரத நாளில் மோதிரம் போடுவதில்லை.

அப்படிச் செய்யலாமா அங்கிள் என்று கேட்டேன்.

"போலே லா."

வளையும் வெள்ளைக் குழாய் ஒன்றைக் கொண்டுவந்தேன். அதை விறைப்பாக இழுத்து, சுவரில் இருந்த ஓட்டைக்குள் நேராகச் செருகி, வாயைச் சுற்றி டேப் ஒட்டினேன். கொஞ்ச நேரத்து வேலை. தண்ணீரைத் திறந்துவிட்டால் சர்ரென்று ஓடியது. அப்படி ஒரு ஓட்டத்தை அந்த வீட்டில் நான் பார்த்ததில்லை.

அக்கா வந்து நின்று பார்த்தாள்.

"இனி எதுவும் நிக்காதுல்ல?"

"ஒரு சொட்டு நிக்காது."

முதல் தடவையாக அவள் முகம் கொஞ்சம் இளகியது. நடந்தது நடந்ததுதான், ஆனால் இனிமேலாவது சுத்தமாக இருக்கும் என்று மாமாவிடம் சொன்னாள். ஒரு டம்ளர் பாலைக் காய்ச்சிக் குடித்தாள். நான் அன்று தூங்கும்வரை என் மூளையை நானே மெச்சிக்கொண்டிருந்தேன்.

நாற்றம்

மறுநாள் காலை சமையலறைக்குள் போன மாமா அப்படியே பின்னால் வந்தார்.

மீன் கழுவிய தண்ணீர், அழுகிய காய், எங்கேயோ ஊறிய துணி, எல்லாம் ஒன்றாக மூச்சு விடுவது போல ஒரு வாடை. சன்னலைத் திறந்தோம். குப்பைப் பையை வெளியே எடுத்துப் போட்டோம். அக்கா சாம்பிராணி போட்டாள். சாம்பிராணியும் மீனும் கலந்தபோது, தனித்தனியாக இருந்ததே தேவலை என்று ஆகிவிட்டது.

எலி செத்திருக்கும் என்றார் மாமா. அடுப்பை நகர்த்தினோம், ஃப்ரிட்ஜை நகர்த்தினோம். எலி இல்லை. ஒரு காணாமல் போன கரண்டி கிடைத்தது. லோங்காங் நாற்றம் மாதிரி இருக்கிறதே என்று மாமா சொன்னார். சாக்கடை கீழே, நாம் இத்தனை மாடி மேலே, அது எப்படி ஏறி வரும் என்று அவரை அடக்கினேன். படித்தவள் சொல்கிறாளே என்று அவரும் விட்டுவிட்டார்.

அக்கா எதையும் தேடவில்லை. கழுத்தில் விரத மாலையோடு வீட்டு வாசலுக்கு வெளியே, எல்லாரும் நடந்துபோகும் பொது நடையில், ஒரு முக்காலியைப் போட்டு உட்கார்ந்துவிட்டாள்.

"உள்ள வாக்கா," என்றேன்.

"நண்டை எடுத்தும் போகல பாரு. முருகன் என்னை வீட்டுக்குள்ளயே விட மாட்டேங்கறான். மலை மேல எங்க விடப் போறான்?"

அதை அவள் கோபமாகச் சொல்லியிருந்தால் தாங்கியிருப்பேன். விசா கிடைக்கவில்லை என்று ஒருத்தர் சொல்வது போல சாதாரணமாகச் சொன்னாள். மஞ்சள் சேலையை இந்தத் தடவை மடித்து வைக்க மாட்டாள், யாருக்காவது கொடுத்துவிடுவாள் என்று எனக்குத் தோன்றியது.

உள்ளே போய், வேறு ஒன்றும் தெரியாததால், சிங்கியையே திரும்பத் தேய்க்கலாம் என்று அடைப்பானைப் போட்டுத் தண்ணீரை நிரப்பினேன். சோப்பு போட்டேன். தேய்த்தேன். கொஞ்ச நேரம் கழித்துத்தான் உறைத்தது. நாற்றம் இல்லை.

அடைப்பானை எடுத்தேன். தண்ணீர் சர்ரென்று போனது. நாற்றம் வந்தது.

திரும்ப நிரப்பினேன். நாற்றம் போனது. மாமாவைக் கூப்பிட்டு முகர்ந்து பார்க்கச் சொன்னேன். அவரும் ஒருதடவை எடுத்து ஒருதடவை போட்டுப் பார்த்தார். பிறகு நான் போனை எடுத்து, முந்தின நாளே படித்திருக்க வேண்டியதைப் படித்தேன்.

மோதிரம் பிடிப்பதற்காக அந்தக் குடுவையை யாரும் செய்யவில்லை. கட்டடத்தின் எல்லா வீட்டு அழுக்கும் ஒரே பெரிய குழாயில் இறங்குகிறது. அதன் காற்று ஒவ்வொரு வீட்டுக்குள்ளும் ஏறி வரப் பார்க்கும். நடுவில் கொஞ்சம் தண்ணீர் நின்றால் அதைத் தாண்டி வராது. நிற்கும் அந்தத் தண்ணீர்தான் மூடி. நான் அந்த மூடியைக் கழற்றி எறிந்துவிட்டு, ஒரு சொட்டு நிக்காது என்று அக்காவிடம் பெருமை பேசியிருக்கிறேன்.

நடையில் நடந்த பேச்சு

வெளியே போய் அக்கா பக்கத்தில் தரையில் உட்கார்ந்தேன். மாமா கதவில் சாய்ந்து நின்றார்.

"அக்கா, அது நண்டு நாத்தம் இல்ல. நம்ம வீட்டு நாத்தமே இல்ல."

"பின்ன யார் வீட்டு நாத்தம்?"

"எல்லார் வீட்டுதும். நடுவுல தண்ணி நின்னாத்தான் நம்ம பக்கம் வராது. அதுக்குத்தான் அந்தக் குடுவை."

"நேத்து மோதிரம் புடிக்கன்னு சொன்ன."

"நேத்து தப்பா சொன்னேன்."

"இன்னிக்கு?"

"இன்னிக்கு சரியா சொல்றேன்னு நெனைக்கிறேன்."

கீழ்வீட்டு மலாய்க்கார அம்மா, நாங்கள் மக்சிக் என்று கூப்பிடுபவர், துணிக்கூடையோடு எங்களைத் தாண்டிப் போனார். மூன்று பேரும் வாசலில் இருப்பதைப் பார்த்து, சாவி தொலைந்துவிட்டதா என்று விசாரித்தார். இல்லை என்றோம்.

"அப்போ," என்றாள் அக்கா, ஒவ்வொரு சொல்லாக எடுத்துவைத்து, "இத்தனை நாளும் அந்த நாத்தத்த உள்ள விடாம தடுத்துக்கிட்டு இருந்தது அந்த நண்டுத் தண்ணியா?"

ஆமாம் என்றால் நண்டு நல்லது செய்ததாக ஆகிவிடும். இல்லை என்றால் பொய். மாமாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. வாயை மூடிக்கொண்டு உள்ளே திரும்பினார். அக்கா அவரை முறைத்தாள். ஆனால் முறைப்பு முழுசாக நிற்கவில்லை.

"நிக்கறது எப்பவும் கடைசியா ஊத்தற தண்ணிதானே?"

"ஆமாக்கா."

"புதுசு ஒண்ணு வாங்கிட்டு வந்து மாட்டு."

ஞாயிற்றுக்கிழமையிலும் அங்கிள் பாதிக் கதவைத் திறந்து வைத்திருந்தார். நேற்று வேண்டாம் என்று சொன்ன குடுவையைக் கேட்டேன். ஏன் என்று அவர் கேட்கவில்லை. "போலே," என்று எடுத்துக் கொடுத்தார்.

மாட்டியதும் ஒழுகியது. இறுக்கினேன், இன்னும் ஒழுகியது. மறுபடி ஸ்பேனரைத் தேடிய என்னை மாமா தடுத்துவிட்டார். கழற்றிப் பார்த்தால், ரப்பர் வாஷரைத் தலைகீழாகப் போட்டிருந்தேன். சரிவான பக்கம் எது பார்க்க வேண்டும் என்று இரண்டு விதமாகவும் போட்டுப் பார்த்துத்தான் தெரிந்துகொண்டேன். கையால் இறுக்கினாலே போதுமாயிருந்தது.

அக்கா ஒரு சொம்பு நிறையத் தண்ணீர் பிடித்து, சிங்கியின் ஓட்டைக்குள் மெதுவாக ஊற்றினாள். உள்ளே குடுவை நிறையும் சத்தம் கேட்டது. கொஞ்ச நேரத்தில் நாற்றம் அடங்கியது. சாம்பிராணி மட்டும் மிஞ்சியது.

அன்றிலிருந்து எங்கள் வீட்டில் ஒரு புதுச் சட்டம். சாயங்காலம் எல்லாம் கழுவி முடித்ததும் அக்கா ஒரு சொம்பு சுத்தமான தண்ணீரை ஊற்றுவாள். அதற்குப் பிறகு விடியும்வரை யாரும் சிங்கியைத் தொடக் கூடாது. மாமா தன் கோப்பிக் கோப்பையைக் குளியலறையில் கொண்டுபோய்க் கழுவுவார். இப்படி ஒரு வழக்கம் வேறு எந்த வீட்டிலாவது இருக்கிறதா என்று எனக்குத் தெரியாது. சாஸ்திரத்தில் இருக்க வாய்ப்பில்லை.

அன்று மத்தியானம் அக்கா தன் ஒருவேளைச் சோற்றைச் சாப்பிட்டாள். அப்படியானால் விரதம் கெடவில்லையா என்று நான் கேட்டேன். கேட்காமல் இருக்க முடியவில்லை.

"அது எனக்கும் உனக்கும் தெரியாது. அந்தக் குரூப்புக்கும் தெரியாது. பாலைக் கொண்டுபோய் வெச்சிட்டு நானே கேட்டுக்கறேன்."

மலையில்

தைப்பூசத்தன்று விடிந்து வெகு நேரமாகியிருந்தது. தெருவெல்லாம் உடைத்த தேங்காய். வெயில் ஏற ஏற அந்த இளநீர் புளிக்கும் வாசனை. பந்தலுக்குப் பந்தல் பாட்டு, ஒன்றின் மேல் ஒன்றாக. அக்கா மஞ்சள் சேலையில், தலையில் குடத்தோடு, எங்களுக்கு முன்னால் நடந்தாள். நான் பின்னால் அவளுடைய துண்டையும் தண்ணீர்ப் புட்டியையும் தூக்கிக்கொண்டு போனேன். மாமா பக்கத்தில் நடந்தார். யாராவது இடித்துவிடப் போகிறார்கள் என்று கையை அவள் முதுகுக்குப் பின்னால், தொடாமல், நீட்டியபடியே வந்தார்.

படி ஏறும்போது அவள் நிற்கவே இல்லை. வழக்கமாக இரண்டாவது மாடிக்கே மூச்சு வாங்கும் ஆள்.

மேலே கூட்டம் என்னையும் மாமாவையும் ஓரம் தள்ளிவிட்டது. குடம் அவள் தலையிலிருந்து இறங்குவதைப் பார்த்தேன். கை மாறிக் கை மாறி உள்ளே போவதைப் பார்த்தேன். பிறகு ஆட்களின் தோள்தான் தெரிந்தது. அக்கா கைகூப்பி நின்றாள் என்று மாமா சொன்னார். நெட்டையான மனுஷர், அவருக்குத் தெரிந்திருக்கும். உதடு அசைகிறதா என்று கேட்டேன். ஆமாம், ரொம்ப நேரமாக என்றார். அவளைத் தள்ளினார்கள், அவள் நகரவில்லை. இன்னொருதடவை தள்ளினார்கள். நகர்ந்தாள்.

வெறுங்குடத்தோடு வந்தாள். முகமெல்லாம் வேர்வை, நெற்றியில் விபூதி கரைந்து கோடாக இறங்கியிருந்தது. பாதி தூரம் இறங்கும்வரை பொறுத்தேன். அதற்கு மேல் முடியவில்லை.

"அக்கா, கேட்டியா?"

"சொன்னேன். எல்லாத்தையும் சொன்னேன். நண்டு, உன் குழாய், எல்லாம்."

"அதுக்கு?"

"அடுத்த வருஷமும் வர்றேன்னு சொல்லிட்டேன்."

ஒரு படியில் அப்படியே நின்றுவிட்டேன். பின்னால் வந்தவர்கள் என் மேல் முட்டினார்கள். வேண்டிக்கொண்டது ஒரு வருஷம், ஒரு பால்குடம். இந்த வருஷத்துப் பால் சேர்ந்துவிட்டது என்றால் அடுத்த வருஷம் எதற்கு? சேரவில்லை என்றால், மலைப் பக்கமே போக மாட்டேன் என்றவள் அவள்தானே? மாமாவைப் பார்த்தேன். எனக்குத் தெரியாது என்பது போல அவர் தோளைக் குலுக்கினார். ஆனால் அவர் முகத்தில் இருந்தது குழப்பமில்லை. நான் அன்றும் சரி இன்றும் சரி, அந்த வாஷரைப் போல இதை இரண்டு பக்கமும் போட்டுப் பார்க்கிறேன், எந்தப் பக்கமும் உட்காரவில்லை.

"அப்போ இந்த வருஷம்?" என்று பின்னாலேயே ஓடிக் கேட்டேன்.

"பசிக்குதுடி," என்றாள் அக்கா.

அடிவாரத்தில் ஒரு பந்தலில் சோறு போட்டுக்கொண்டிருந்தார்கள். குடத்தை மாமாவிடம் கொடுத்துவிட்டு வரிசையில் போய் நின்றாள். தட்டு நிறைய வாங்கிக்கொண்டு மர நிழலில், வெறும் தரையில் உட்கார்ந்தாள். சாம்பார், முட்டைக்கோசு, ஒரு அப்பளம். வேகவேகமாகப் பிசைந்து சாப்பிட்டாள். எழுந்து போய் மறுபடி வாங்கி வந்தாள். இத்தனை நாளில் அவள் இப்படிச் சாப்பிட்டு நான் பார்க்கவில்லை. துண்டும் புட்டியுமாக அவளையே பார்த்துக்கொண்டு நின்றேன்.

"என்ன பார்க்கிற?" என்றாள், வாய் நிறையச் சோற்றோடு. "போ, நீயும் வாங்கிக்கிட்டு வந்து உட்காரு."